முதல் பலகையில் இல்லாத பேர்

விருத்தாசலம் ஜங்ஷனில் நான் இறங்கியபோது, என் தோள்பையில் ஈப்போ செய்தித்தாளில் சுற்றிய ஒரு பீங்கான் அகல் விளக்கு இருந்தது. விரிசல் விட்ட விளக்கு. அதன் சொந்த ஊர் இதுதான். கப்பலேறி எங்கள் கடைக்கு வந்து, வாங்கிப்போனவர் வீட்டுச் சாமி மேடையில் எண்ணெயைக் கசியவிட்டு, இப்போது என்னோடு விமானத்தில் திரும்பி வந்திருக்கிறது.

ஈப்போவில் எங்களுக்குப் பூசைச் சாமான் கடை. அண்ணனும் நானும் நடத்துகிறோம். தீபாவளிக்கு மறுபடி விளக்கு வேண்டும், இந்தத் தடவை விரிசல் இல்லாமல் வேண்டும். "போன்ல பேசி ஆகாது சரோஜா, நீ நேர்ல போய் நில்லு" என்றான் அண்ணன். நான்கைந்து நாளில் முடித்துவிடுவேன் என்று எனக்குச் சந்தேகமே இல்லை. எந்தச் சரக்கு கெட்டாலும் அது எங்கே, யார் கையில் கெட்டது என்று கண்டுபிடிக்காமல் நான் விட்டதில்லை.

அதே நம்பிக்கையோடு வியாழக்கிழமை காலை தப்பான பஸ்ஸில் ஏறினேன். செராமிக் பட்டறைகள் இருக்கும் இடம் ஜங்ஷனுக்குப் பக்கம்தான் என்று சொல்லியிருந்தார்கள். அரைமணி நேரம் கழிந்தும் சவுக்குத் தோப்பும் கரும்பும்தான் வந்துகொண்டிருந்தன. கண்டக்டரைக் கேட்டேன்.

"செராமிக்கா? அது அந்தாண்டப் பக்கமாச்சேம்மா. இது ஸ்ரீமுஷ்ணம் போவுது."

"போர்டைப் படிச்சிட்டுத்தான் ஏறினேன்."

"அது பின்னாடி போர்டும்மா. நேத்து வச்சது."

எதிரே வந்த பஸ்ஸை அவர் விசிலடித்தே நிறுத்தினார். "மலேசியாவுலேர்ந்து வந்திருக்காங்க, கரெக்டா எறக்கி வுடு" என்று அந்த டிரைவரிடம் என்னை ஒப்படைத்தார். ஈப்போவில் நிறுத்தம் தவிர வேறிடத்தில் பஸ் நிற்க வேண்டுமென்றால் டயர் வெடிக்க வேண்டும். இங்கே நடுரோட்டில் இரண்டு பஸ்கள் எனக்காக நின்றன. இரண்டு பஸ்ஸிலும் ஒருவர்கூட முகம் சுளிக்கவில்லை.

பட்டறையில் முதலாளி விரிசல் விளக்கை வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "கப்பல்ல ஆடியிருக்கும்" என்றார். எல்லாரும் முதலில் கப்பலைத்தான் சொல்வார்கள். நான் ஒரு முக்காலியைக் கேட்டு வாங்கி, சூளைக்கும் பேக்கிங் கொட்டகைக்கும் நடுவில் போட்டு உட்கார்ந்துகொண்டேன்.

மத்தியானத்துக்குள் விஷயம் புரிந்துவிட்டது. சூளையில் நின்றவள் ஆரோக்கியமேரி. முப்பது வயதிருக்கும். வெந்து வந்த ஒவ்வொரு விளக்கையும் காதருகே வைத்து நகத்தால் ஒரு சுண்டு. கணீரென்றால் தட்டின் வலது பக்கம், சொத்தைச் சத்தம் வந்தால் இடது பக்கம். தட்டு கொட்டகைக்குப் போகும். அங்கே அஞ்சலை என்று ஓர் அம்மாள், ஐம்பதைத் தாண்டியவர், வைக்கோல் சுற்றிப் பெட்டியில் அடுக்குவார். வலது, இடது எல்லாவற்றையும் சேர்த்து அடுக்கினார். அத்தனை நேரத்தில் அவர்கள் இருவரும் ஒரு வார்த்தை பேசிக்கொள்ளவில்லை.

ஆரோக்கியமேரியிடம் போய்க் கேட்டேன். "இடது பக்கம் இருக்கறது கழிவுன்னு அவங்களுக்குத் தெரியாதா?"

"முன்னாடி இருந்த அம்மாவுக்குத் தெரியுங்க. இவங்க வந்து ஒரு வருசந்தான் ஆவுது."

"நீ சொல்லலியா?"

அவள் கையிலிருந்த விளக்கைக் கீழே வைத்தாள். "நான் அவங்ககிட்ட பேசறதில்லக்கா."

"சண்டையா?"

"சண்டையெல்லாம் ஒண்ணுமில்ல. பேசறதுக்கு மூஞ்சி இல்ல."

வந்த வேலை முடிந்தது போலத்தான் இருந்தது. முதலாளியிடம் சொல்லி இரண்டு கூடை வைக்கச் சொன்னால் போதும். ஆனால் அந்தச் சமயத்தில் சூளை வண்டியின் மேல்தட்டில் வேறொன்று கண்ணில் பட்டது. விளக்குகளுக்கும் யானைப் பொம்மைகளுக்கும் நடுவே, உள்ளங்கை இரண்டை விரித்த அளவில் வெள்ளைப் பலகைகள். கறுப்பு மையில் பொடி எழுத்து.

"இது யார் ஆர்டர்?"

"ஆர்டர் இல்லக்கா. எங்க சாமி" என்றாள் ஆரோக்கியமேரி.

வெள்ளிக்கிழமை காலை பழமலைநாதரைக் கும்பிட்டுவிட்டு, மெஸ்ஸில் பசியாறினேன்; காலைச் சாப்பாட்டை நாங்கள் அப்படித்தான் சொல்வோம். பசியாறிவிட்டேன் என்று நான் சொன்னதைக் கேட்டு, பரிமாறியவர் "இன்னும் பசிக்குதுங்களா?" என்று இன்னும் இரண்டு இட்லி வைத்தார். எங்கள் ஊர்ப் பேச்சு இங்கே வயிற்றுக்கு நல்லது. டீதான் குறை. எங்களிடம் தே தாரிக் என்று நுரைக்க ஆற்றிய டீ கேட்டால் ஒரு சொம்பு வரும். இங்கே இரண்டு மடக்கு. மூன்று டீ குடித்துவிட்டுப் பட்டறைக்குப் போனேன்.

ஆரோக்கியமேரி சூளையை அடுக்கிக்கொண்டே சொன்னாள். கம்மாபுரம் பக்கம் ஆவாரங்கொல்லை என்று ஓர் ஊர். நிலக்கரிச் சுரங்கத்துக்காக அதை எடுத்துக்கொண்டார்கள். ஊர்க்காரர்களுக்கு வேறிடத்தில் காலனி கொடுத்தார்கள். போய்ச் சேர்ந்து சில வருடங்கள் கழித்து அங்கே ஒரு சபை ஆரம்பித்தது. நினைவுச் சபை என்று பெயர். சுற்றுவட்டாரத்தில் ஞாபகக்காரங்க என்பார்கள். கோயிலுக்குப் போகிறவர்களும் வருவார்கள், சர்ச்சுக்குப் போகிறவர்களும் வருவார்கள். சிலை இல்லை, பூசாரி இல்லை. ஞாயிற்றுக்கிழமை கூடுவார்கள். யாராவது ஒருவர் எழுந்து, ஊரில் நடந்த ஒன்றைச் சொல்ல வேண்டும். அப்போது அங்கிருந்த வேறு இரண்டு பேர் எழுந்து, "நானும் இருந்தேன்" என்று சொல்ல வேண்டும். சொன்னால் அதைப் பலகையில் எழுதிச் சுடுவார்கள். இரண்டு பேர் எழாவிட்டால் எழுதுவதில்லை. சுட்ட பலகையை உடைக்கக் கூடாது. தப்பென்று தெரிந்தால் பக்கத்தில் இன்னொரு பலகை வைக்க வேண்டும். சபைக்காரர் வாயில் "மறந்துட்டேன்" என்ற சொல் வரக்கூடாது. "தேடிட்டிருக்கேன்" என்றுதான் சொல்ல வேண்டும்.

எழுதுகிறவள் இவள்தான். கையெழுத்து நன்றாயிருக்கும் என்று பதினாறு வயதில் பிரஷ்ஷைக் கொடுத்துவிட்டார்களாம்.

"நீ சர்ச்சுக்கும் போற இல்ல?"

"காலையில பூசைக்குப் போவேன். சாயந்தரம் சபை. சர்ச்சுல மன்னிப்புக் கெடைக்கும். சபையில மன்னிப்பு கெடையாதுக்கா, ஞாபகம் மட்டுந்தான்."

"அப்படி என்ன எழுதினீங்க முதல் பலகையில?"

அவள் கொட்டகைப் பக்கம் ஒரு தரம் பார்த்துவிட்டு, குரலைத் தாழ்த்தி ஒப்பித்தாள். "அஞ்சலை நம்ம ஊரில் இருந்தாள். அதிகாரி கேட்டார். நாங்கள் எல்லாரும் தெரியாது என்று சொன்னோம்."

வைக்கோல் சுற்றிக்கொண்டிருந்த அஞ்சலைதான் அது. ஸ்ரீமுஷ்ணம் பக்கத்துப் பெண். ஆவாரங்கொல்லையில் ஏற்கெனவே மனைவியுள்ள ஒருவரோடு வந்து கடைசி வீட்டில் குடியிருந்தவர். ஊருக்குப் பிடிக்கவில்லை. அந்த மனிதரும் இறந்துபோனார். காலனியில் மனை கொடுக்கப் பட்டியல் எடுத்தபோது அதிகாரி பள்ளிக்கூடத்தில் உட்கார்ந்து ஒவ்வொருவராகக் கூப்பிட்டு, இந்தம்மா இந்த ஊரா என்று கேட்டார். ஊரே தெரியாது என்றது. பட்டியலில் பேர் ஏறவில்லை. அஞ்சலை மூட்டையோடு எங்கோ போய்விட்டார். பிற்பாடு அந்தச் செயல் ஊரைத் தூங்கவிடவில்லை. அதிலிருந்து பிறந்ததுதான் சபை.

"எங்கப்பாவும் அதுல ஒருத்தரு" என்றாள் ஆரோக்கியமேரி. "சவரிமுத்து. சபைக்கு ஒரு நாளும் வரல. ஏம்ப்பா அப்பிடிச் சொன்னேன்னு நான் கேட்டேன். பதிலே சொல்லல. அதுக்கப்புறம் அவரு சாவற வரைக்கும் நான் அவருகிட்ட மொகம் குடுத்துப் பேசல. இந்தம்மா இங்க வேலைக்குச் சேந்த அன்னிக்கு நான் லீவு போட்டுட்டு வூட்டுக்குப் போயிட்டேன்."

அன்று எஸ்.டி.டி. பூத்திலிருந்து அண்ணனைக் கூப்பிட்டேன். அவனுக்குக் கோபம் வந்தால் மலாய்தான் வரும். விரிசலுக்குக் காரணம் தெரிந்துவிட்டதென்றால் ஏன் திங்கட்கிழமை வரை தங்குகிறாய் என்றான். இரண்டு பேர் பேசாமல் இருப்பதுதான் காரணம், அதைச் சரிசெய்யாமல் கூடை வைத்தால் அடுத்த வருடம் கூடையும் குழம்பும் என்று நானும் மலாயில் சொன்னேன். பூத்துக்காரர் போனை வாங்கி வைத்தபடி, "கேரளாங்களா?" என்று கேட்டார்.

சனிக்கிழமை சூளை எரிந்துகொண்டிருந்தது. திங்கட்கிழமை காலைதான் திறக்க முடியும். மத்தியானம் கருவாட்டுக் குழம்புச் சோற்றுப் பொட்டலத்தோடு போய் அஞ்சலையின் பக்கத்தில் உட்கார்ந்தேன். அவர் எலுமிச்சைச் சோறு கொண்டுவந்திருந்தார். கேட்காமலே பாதியை என் இலையில் வைத்தார்.

எனக்குச் சுற்றிவளைக்க வராது. "அக்கா, சபைக்காரங்க உங்களைக் கூப்பிட்டாங்களா?"

"மாசாமாசம் வருவாங்க. கலியபெருமாள் வருவாரு. அவருதான் பெரிய தலை. வந்து பேர ஒரு தடவ சொல்லிக் கூப்புடுவாரு. நான் கதவ சாத்திடுவேன்."

"ஏன்?"

"அவங்களுக்கு ஞாபகம் சாமியா இருக்குது. எனக்கு அது கால்ல குத்துன முள்ளு." கொஞ்ச நேரம் சாப்பிட்டார். பிறகு, "அதுவும் அந்த மொத பலகையே தப்பு" என்றார்.

"என்ன தப்பு?"

"எல்லாரும்னு எழுதியிருக்காங்களாம். எல்லாரும் சொல்லல. ஒருத்தரு தெரியும்னாரு."

யார் என்று கேட்டேன். சூளைப் பக்கம் முகத்தைத் திருப்பிக் காட்டினார். "அந்தப் பொண்ணோட அப்பா."

"அவளுக்கு இது தெரியாது. நீங்க போய்ச் சொல்லணும்."

"போனா ரெண்டு சாட்சி கேப்பாங்க." கையைக் கழுவிக்கொண்டே சொன்னார். "எனக்கு எப்பம்மா சாட்சி வந்திருக்காங்க?"

"நாளைக்கு நான் வரேன் உங்ககூட."

"நீங்க என்னா, சாட்சியா?"

"இல்லக்கா. பக்கத்துல உட்கார்ந்திருப்பேன்."

அவர் எழுந்து வைக்கோல் பக்கம் போய்விட்டார். ஆனால் சாயந்தரம் கிளம்பும்போது, "நாளைக்கு மூணு மணிக்கு ஜங்ஷனாண்ட நிக்கறேன்" என்றார்.

ஞாயிற்றுக்கிழமை ஆட்டோ பாதி வழியில் நின்றுவிட்டது. பழுதில்லை. லாரிகள் ஓடி ஓடிக் குழியாகிப் போன ரோட்டைப் பார்த்து டிரைவர் மனம் மாறிவிட்டார். மிச்ச தூரம் நடந்தோம். அஞ்சலை செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு வேகமாக நடந்தார். தூரத்தில் சுரங்கத்திலிருந்து அள்ளிக் கொட்டிய மண், மலை மாதிரி நின்றது. ஈப்போவிலும் ஈயத்துக்காகத் தோண்டிய பள்ளங்கள் உண்டு. அவற்றில் தண்ணீர் நின்று, பக்கத்தில் பூங்கா வைத்துவிட்டார்கள். தோண்டுவதற்கு முன்னால் அங்கே யார் குடியிருந்தார்கள் என்று நான் ஒருநாளும் கேட்டதில்லை. அதை நினைத்துக்கொண்டே நடந்தேன்.

சபை என்பது காலனியில் ஒரு ஆஸ்பெஸ்டாஸ் கூரைக் கூடம். சுவரெல்லாம் வெள்ளைப் பலகைகள். ஐம்பது பேர்போல பாயில் உட்கார்ந்திருந்தார்கள். அஞ்சலை வாசலில் தெரிந்ததும் பேச்சு நின்றது. யாரோ ஒருவர் எழுந்து இடம்விட்டார். அஞ்சலை அங்கே போகாமல் பின்சுவரை ஒட்டி உட்கார்ந்துகொண்டார். நான் பக்கத்தில். முன்னால் ஆரோக்கியமேரி மை, பிரஷ், எழுதாத பலகையோடு இருந்தாள். எங்களைப் பார்த்ததும் தலையைக் குனிந்துகொண்டாள்.

அவர்களுடைய வழிபாடு எளிமையானது. ஒவ்வொருவராகத் தன் பேரைச் சொல்லாமல் பழைய ஊரில் தன் பக்கத்து வீட்டுக்காரர் பேரைச் சொல்கிறார்கள். "என் வூட்டுக்கு வடக்கால ராயப்பன் வூடு." "அதுக்கு வடக்கால கோவிந்தம்மா வூடு." இப்படியே ஒரு தெருவை முழுக்கக் கட்டிக்கொண்டு போகிறார்கள். பேர் பேராக, வீடு வீடாக. கடைசி வீட்டுக்கு வந்ததும் எல்லாரும் சேர்ந்து சொன்னார்கள். "அதுக்கு அந்தாண்ட அஞ்சலை வூடு."

அதைத் தன் காதால் கேட்டுக்கொண்டு அஞ்சலை அசையாமல் இருந்தார். என் முழங்கையை மட்டும் பிடித்துக்கொண்டார். அப்படிப் பிடித்தவர் அதே பிடியில் எழுந்து நின்றார்.

"நான் ஒண்ணு சொல்லணும். மொத பலகையில எல்லாரும் தெரியாதுன்னோம்னு இருக்குது. எல்லாரும் சொல்லல. சவரிமுத்து தெரியும்னாரு. இந்தம்மா நம்ம ஊருதான், கடைசி வூடுன்னு அதிகாரிகிட்ட சொன்னாரு. நான் ஜன்னலுக்கு வெளிய நின்னு கேட்டேன். அப்புறம் அவர வெளிய கூட்டிட்டுப் போனாங்க. திரும்பி வந்து தெரியாதுன்னாரு. ரெண்டையும் எழுதுங்க."

ஆரோக்கியமேரியின் கையிலிருந்து பிரஷ் பாயில் விழுந்தது. அவள் அதை எடுக்கவில்லை.

முன்வரிசையில் வெள்ளை வேட்டியோடு இருந்த பெரியவரைத்தான் எல்லாரும் பார்த்தார்கள். அவர்தான் கலியபெருமாள். தொண்டையைச் செருமினார். "அது... தேடிட்டிருக்கேன்" என்றார்.

"தேட வேணாம்" என்றார் அஞ்சலை. "அவரு தோள்ல இருந்தது ஒங்க கைதான்."

எனக்கு நடுவில் எழுந்து ஏதாவது சொல்லி இதைத் தீர்த்துவைக்க வேண்டும் போலிருந்தது. கடையில் அப்படித்தான் செய்வேன். ஆனால் இங்கே நான் எதற்கும் சாட்சி இல்லை. வாயை மூடிக்கொண்டு இருந்தேன். அந்தப் பயணத்தில் எனக்குக் கஷ்டமாக இருந்த காரியம் அது ஒன்றுதான்.

கலியபெருமாள் எழுந்து நின்றார். எழ நேரமாயிற்று. "நான் இருந்தேன்" என்றார். "நாந்தான் வெளிய இழுத்தாந்தேன். அவ பேர நீ சொன்னா, ஒம் பேர நாங்க யாரும் சொல்ல மாட்டோம்னேன். புள்ள குட்டியோட நீயும் தெருவுல நிக்கணும்னேன். அவன் ஒண்ணும் பேசல. உள்ள போயி மாத்திச் சொல்லிட்டான். இத நான் இந்தச் சபையில இத்தன வருசமா சொல்லல." உட்காரப் போனவர் மறுபடி நிமிர்ந்தார். "மறக்கல. சொல்லல."

ஒரு சாட்சி ஆயிற்று. இன்னொன்று வேண்டும். அவரோடு அன்று வெளியே நின்ற வேறு இருவரும் உயிரோடு இல்லை என்று யாரோ முணுமுணுத்தார்கள். விதி விதிதான், ஒரு சாட்சிக்கு எழுத முடியாது என்று இன்னொரு குரல். அஞ்சலை மெதுவாக உட்கார்ந்தார். இது இப்படித்தான் முடியும் என்று அவர் எதிர்பார்த்தேதான் வந்திருக்க வேண்டும். முகத்தில் ஏமாற்றம்கூட இல்லை.

அப்போது ஆரோக்கியமேரி எழுந்தாள்.

"நானும் இருந்தேன்."

"நீ சின்னப் புள்ளம்மா அப்ப" என்றார் ஒருவர்.

"எட்டு வயசு. அப்பாகூட சைக்கிள்ல பள்ளிக்கூடத்துக்குப் போனேன். சைக்கிளப் புடிச்சிக்க, சாயாமப் பாத்துக்கன்னு சொல்லிட்டு உள்ள போனாரு. கொஞ்ச நேரத்துல கலியபெருமாள் மாமா அவரு தோளப் புடிச்சி வெளிய கூட்டியாந்தாரு. மாடு கட்டற மொளக்குச்சியாண்ட நின்னு பேசுனாங்க. என்னா பேசுனாங்கன்னு கேக்கல. அப்பா என்னையே பாத்துட்டிருந்தாரு. அப்புறம் உள்ள போனாரு. வெளிய வந்து சைக்கிள்ல ஏறி மிதிக்காம, தள்ளிக்கிட்டே வூடு வரைக்கும் வந்தாரு." அவள் அஞ்சலை பக்கம் திரும்பினாள். "எதுக்கு வெளிய வந்தாருன்னு எனக்கு இன்னிக்குத்தான் தெரியுது. ஆனா வந்தத நான் பாத்தேன்."

இரண்டாகிவிட்டது. யாரும் எதிர்க்கவில்லை. அவளே பிரஷ்ஷை எடுத்து, மையில் தோய்த்து எழுதினாள். எழுதிவிட்டு நிமிர்ந்து கலியபெருமாளைக் கேட்டாள். "மாமா, தெரியும்னு சொன்னதுக்கும் தெரியாதுன்னு சொன்னதுக்கும் நடுவுல எவ்வளவு நேரம் இருக்கும்?"

அவர் யோசித்தார். "ஒரு பீடி புடிக்கிற நேரம்."

அதையும் எழுதினாள்.

திங்கட்கிழமை காலை சூளையைத் திறந்தார்கள். பத்தடி தள்ளி நின்றாலும் முகத்தில் சூடு அடித்தது. விளக்குகள் பால் வெள்ளையில் மின்னின. ஆரோக்கியமேரி ஒவ்வொன்றையும் சுண்டிப் பார்த்துத் தட்டை நிரப்பினாள். நிரம்பிய தட்டை ஆள் விட்டு அனுப்பாமல் தானே தூக்கிக்கொண்டு கொட்டகைக்குப் போனாள். நான் என் முக்காலியில் இருந்தேன், எல்லாம் காதில் விழுந்தது.

"இதோ இந்த எடதுப் பக்கம் இருக்கறதெல்லாம் கழிவு" என்றாள்.

"அதான் சத்தம் ஒரு மாதிரி இருக்குதேன்னு பாத்தேன்" என்றார் அஞ்சலை. "யாரும் சொல்லல."

"என் தப்புதான்."

அஞ்சலை இடதுபக்க விளக்குகளை எடுத்துத் தனியே வைத்தார். அந்தப் பெண் தட்டைப் பிடித்தபடி நகராமல் நின்றாள். எனக்கு ஜங்ஷனில் ரயிலுக்கு நேரமாகிக்கொண்டிருந்தது. பெட்டியைத் தூக்கிக்கொண்டு விடைபெறலாம் என்று கொட்டகை வாசல்வரை போய்விட்டேன். உள்ளே நுழையாமல் நின்றுவிட்டேன்.

"ஒங்கப்பாவுக்குக் கொரலே வெளிய வராது, தெரியுமில்ல?" என்று கேட்டுக்கொண்டிருந்தார் அஞ்சலை, வைக்கோலைப் பிரித்தபடி. "பக்கத்துல நின்னாக்கூட என்ன சொல்றாருன்னு திருப்பிக் கேக்கணும். ஆனா அன்னிக்கி தெரியும்னு சொன்னாரு பாரு, அத நல்லா சத்தமாத்தான் சொன்னாரு. ஜன்னலுக்கு வெளிய எனக்குக் கேக்கணும்னே சொன்ன மாதிரி இருந்திச்சி."

ஆரோக்கியமேரி தட்டைக் கீழே வைத்தாள். பிறகு, "இதையும் பலகையில எழுதட்டுமா? சாட்சி யாரும் இருக்காங்களா?" என்று கேட்டாள்.

அஞ்சலை ஒரு விளக்கை எடுத்து வைக்கோல் சுற்றினார்.

"பலகைக்கு வேணாம்" என்றார். "இது ஒனக்கு."